இறந்தபின்னும் ஊர் திரும்பாத ஜிம் தோர்ப்

1912ஆம் ஆண்டு நவம்பர் 9ஆம் திகதி. நியூயோர்க் மாநிலத்தின் வெஸ்ட் பொயின்ற் இராணுவக் கல்லூரி மைதானத்தில் இரண்டு அணிகள் இறங்கின. ஒரு பக்கம், விரைவில் அமெரிக்க இராணுவ அதிகாரிகளாகப் போகும் இளைஞர்கள். மறுபக்கம், அதே இராணுவத்திடம் நிலத்தை இழந்த மக்களின் பிள்ளைகள். வூண்டட் நீ என்ற இடத்தில் லகோட்டா மக்கள் பெண்கள், குழந்தைகள் என்று பாராமல் இராணுவத்தால் சுட்டுக்கொல்லப்பட்டு அன்று 22 ஆண்டுகள்கூட நிறைந்திருக்கவில்லை.

அந்த இரண்டாவது அணியில் ஆடிய ஜிம் தோர்ப்பை எங்கள் விளையாட்டுப் பக்கங்கள், ஒலிம்பிக் பதக்கம் பறிக்கப்பட்டவர் என்ற ஒற்றை வரியில் முடித்துவிடுகின்றன. எனக்கு அந்தப் பதக்கத்தைவிட அவர் படித்த பாடசாலையே முக்கியமாகப்படுகிறது.

பாடப்புத்தகங்களில் செவ்விந்தியர் என்று நாங்கள் படித்த மக்களுக்குத் தனித்தனி இனங்களும் மொழிகளும் உண்டு. தோர்ப், சாக் அன்ட் பொக்ஸ் என்ற இனத்தவர். இன்றைய ஒக்லஹோமாவில் 1887 அளவில் பிறந்தார். தாய் வைத்த பெயர் வா-தோ-ஹக்; ஒளிபடர்ந்த பாதை என்று அதற்குப் பொருள் சொல்வார்கள். கூடப்பிறந்த இரட்டைச் சகோதரன் சிறுவயதிலேயே நோயில் இறந்துபோனான். தாயும் பின்னர் இறந்தார். 1904இல் பென்சில்வேனியாவின் கார்லைல் விடுதிப் பாடசாலைக்கு அனுப்பப்பட்டார்.

கார்லைல், பழைய இராணுவ முகாம் ஒன்றில் 1879இல் இராணுவ அதிகாரி ரிச்சர்ட் பிராட் தொடங்கிய பாடசாலை. பூர்வகுடிப் பிள்ளைகளைப் பூர்வகுடிகளாக இல்லாமல் ஆக்குவதே அதன் நோக்கம். அதை ஒளிக்கவும் இல்லை. வந்த அன்றே பிள்ளைகளின் தலைமயிர் வெட்டப்பட்டது. புதுப் பெயர் சூட்டப்பட்டது. தாய்மொழி பேசினால் தண்டனை. விடுமுறையில்கூட வீட்டுக்கு விடாமல் வெள்ளையர்களின் பண்ணைகளுக்கு வேலைக்கு அனுப்பினார்கள். தோர்ப்பும் அப்படிப் போனவர்தான். காசநோயும் பிற நோய்களும் பலரைக் கொண்டுபோயின. அங்குள்ள மயானத்தில் சுமார் 180 பிள்ளைகள் புதைக்கப்பட்டார்கள். 2017 முதல்தான் அந்த எச்சங்கள் தோண்டியெடுக்கப்பட்டுக் குடும்பங்களிடம் கையளிக்கப்படுகின்றன. நூறு ஆண்டுகளுக்கு மேலாக ஒரு எலும்புக்காகக் காத்திருப்பது என்றால் என்னவென்று இதை வாசிப்பவர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை.

இந்தப் பாடசாலைக்கு உதைபந்தாட்ட அணி ஒன்று இருந்தது. இது நாங்கள் ஆடும் உதைபந்தாட்டம் அல்ல, றக்பிக்குச் சொந்தம். நீள்வட்டப் பந்தைக் கையில் ஏந்தி எதிரணியின் எல்லைக்கோட்டைக் கடந்தால் கூடிய புள்ளி. கம்பங்களுக்கு நடுவே உதைத்து அனுப்பினால் மூன்று புள்ளி. மோதலில் உயிர்கள் போனதால் 1906இல் விதிகள் மாற்றப்பட்டு, பந்தை முன்னோக்கி எறியவும் அனுமதி கிடைத்தது. உடல் பருமனில் சிறியவர்களான கார்லைல் மாணவர்களுக்கு அது வாய்ப்பாகப் போய்விட்டது. வேகமாக ஓடினார்கள், எறிந்தார்கள், எதிரியை ஏமாற்றினார்கள். பயிற்றுவிப்பாளர் கிளென் வோர்னரின் மூளையும் அதில் இருந்தது.

1911 நவம்பரில் ஹார்வாட் பல்கலைக்கழகத்துடன் ஆட்டம். கார்லைலுக்கு எதற்கு முதல்தர அணி என்று நினைத்தோ என்னவோ, ஹார்வாட் தன் மாற்று வீரர்களைத்தான் முதலில் இறக்கியது. காலில் கட்டுடன் ஆடிய தோர்ப் நான்கு தடவை கம்பங்களுக்கு நடுவே உதைத்தார். 18க்கு 15 என்று கார்லைல் வென்றது. அந்த 18இல் 12 அவரது காலில் இருந்து வந்தவை. அந்தப் பருவத்தில் 11 வெற்றி, ஒரேயொரு தோல்வி. சிரகியூஸ் பல்கலைக்கழகத்திடம், அதுவும் ஒரு புள்ளியால்.

அடுத்த ஆண்டு கோடையில் ஸ்ரொக்ஹோம் ஒலிம்பிக்கில் ஐந்து அம்சப் போட்டி, பத்து அம்சப் போட்டி இரண்டிலும் தங்கம் வென்று திரும்பிய தோர்ப், சில வாரங்களில் மறுபடி பாடசாலைச் சீருடையில் நின்றார். அந்தப் பருவத்தில்தான் வெஸ்ட் பொயின்ற் ஆட்டம். முதலில் இராணுவ அணியே புள்ளி எடுத்தது. பிறகு நடந்தது ஒரு பக்க ஆட்டம். தோர்ப்பை மறிக்க இருவர் மூவராக ஓட, அந்த இடைவெளியால் அலெக்ஸ் ஆர்காசா புகுந்து புகுந்து கோட்டைக் கடந்தார். இராணுவ அணித் தலைவர் கைகலப்பில் ஈடுபட்டு வெளியேற்றப்பட்டார். முடிவு 27க்கு 6. தோர்ப்பை வீழ்த்த முயன்று களைத்தவர்களில் ஒருவர், பின்னாளில் ஜனாதிபதியான டுவைட் ஐஸன்ஹோவர். அந்தப் பருவம் 12 வெற்றிகள், ஒரு சமநிலை, ஒரு தோல்வியுடன் முடிந்தது.

ஊடகக் கற்கை படித்தவள் என்பதால் அக்காலப் பத்திரிகைகள் கார்லைலை எழுதிய விதத்தைக் கவனிக்காமல் இருக்க முடியவில்லை. வென்றாலும் தோற்றாலும் படுகொலை, தலைத்தோல் உரிப்பு, போர்ப்பாதை என்ற சொற்கள்தான். உண்மையில் கொல்லப்பட்டவர்கள் யார் என்பது அந்தப் பக்கங்களில் வரவேயில்லை.

இரண்டு மாதங்களில் எல்லாம் தலைகீழானது. 1909, 1910 கோடைகளில் தோர்ப் வட கரோலினாவில் சிறு சம்பளத்துக்கு பேஸ்போல் ஆடியிருந்தார் என்று 1913 ஜனவரியில் ஒரு பத்திரிகை வெளியிட்டது. கல்லூரி வீரர்கள் பலர் அப்போது பொய்ப்பெயரில் அப்படி உழைத்தார்கள். இவர் சொந்தப் பெயரில் ஆடினார். ஆட்சேபனை 30 நாட்களுக்குள் வரவேண்டும் என்பது ஒலிம்பிக்கின் விதி. அந்தக் கெடு எப்போதோ கடந்துவிட்டது. இருந்தும் பதக்கங்கள் பறிக்கப்பட்டன. அறியாத பூர்வகுடிப் பையனின் தவறு என்ற தொனியில் தோர்ப் கையொப்பத்துடன் போன மன்னிப்புக் கடிதத்தை வோர்னர் தரப்பே எழுதியது என வரலாற்றாளர்கள் பலர் கருதுகின்றனர். வோர்னர் தனக்கு எதுவும் தெரியாது என்றார். அவரை நம்புவது எனக்குக் கடினமாக இருக்கிறது.

வோர்னரைப் பற்றி மாணவர்களே பேசினார்கள். அதே அணியின் கஸ் வெல்ச், பாடசாலை நிலைமையை விசாரிக்கும்படி இருநூறுக்கு மேற்பட்ட மாணவர்களின் கையொப்பத்துடன் மனு அனுப்பினார். 1914இல் காங்கிரஸ் குழு விசாரணைக்கு வந்தது. விளையாட்டு நிதியின் கணக்குகள் கிளறப்பட்டன. அதிபர் பதவியிழந்தார். வோர்னர் 1914 பருவத்துக்குப் பின் பிட்ஸ்பர்க் போய் அங்கும் புகழோடு இருந்தார். 1918இல் கார்லைல் மூடப்பட்டு மீண்டும் இராணுவத்திடமே போனது. பூர்வகுடி மக்கள் எல்லோருக்கும் அமெரிக்கப் பிரஜாவுரிமை கிடைத்தது 1924இல்தான்.

தோர்ப் பின்னர் நியூயோர்க் ஜயன்ற்ஸ் அணிக்கு பேஸ்போல் ஆடினார். இன்றைய என்.எப்.எல். ஆக வளர்ந்த தொழில்முறைச் சங்கத்தின் முதல் தலைவராக 1920இல் இருந்தார். பொருளாதார வீழ்ச்சிக் காலத்தில் லொஸ் ஏஞ்சலிஸில் மண் வெட்டும் கூலியானார். திரைப்படங்களில் கூட்டத்தில் ஒருவராக நின்றார். 1950இல் செய்தியாளர்கள் அவரை அரை நூற்றாண்டின் தலைசிறந்த விளையாட்டு வீரராகத் தெரிவுசெய்தார்கள். 1953 மார்ச் 28ஆம் திகதி கலிபோர்னியாவில் இறந்தார்.

ஒக்லஹோமாவில் அவரது இனத்தவர்கள் இறுதிச் சடங்கைத் தொடங்கியிருந்தார்கள். முடியுமுன் மூன்றாவது மனைவி உடலை எடுத்துக்கொண்டு போய்விட்டார். சுற்றுலாப் பயணிகளை எதிர்பார்த்த பென்சில்வேனியாவின் இரண்டு சிறு நகரங்கள் அவருடன் ஒப்பந்தம் செய்து, ஒன்றாக இணைந்து, ஜிம் தோர்ப் என்று பெயர் மாற்றிக்கொண்டன. தோர்ப் வாழ்நாளில் அந்த இடத்துக்குப் போனதில்லை. கல்லறையும் சிலைகளும் இன்றும் அங்கேதான்.

தந்தையை ஊர் மண்ணில் புதைக்க வேண்டும் என்று மகன்மார் வழக்காடினார்கள். 2013இல் வென்றார்கள். 2014இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை மாற்றியது. 2015இல் உச்ச நீதிமன்றம் வழக்கை எடுக்க மறுத்தது. ஒலிம்பிக் குழு 1982இல் அவரை இணை வெற்றியாளராக்கியது, 2022 ஜூலையில் தனி வெற்றியாளர் என்று அறிவித்தது. பதக்கம் வந்துவிட்டது. ஒக்லஹோமாவில் உறவினர்கள் இன்னும் அவரது உடலைக் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.