செங்கோட்டை தந்த சங்கீதக் குரல்

குற்றாலத்தில் சாரல் தொடங்கிவிட்டால் தென்காசிச் சாலையில் ஜனக்கூட்டம் தாங்காது. அருவியில் குளிப்பார்கள், குற்றாலநாதரைக் கும்பிடுவார்கள், ஊர் திரும்புவார்கள். அங்கிருந்து சில மைல் தூரத்தில்தான் செங்கோட்டை இருக்கிறது. நாடக மேடையைத் தன் பாட்டால் ஆண்ட எஸ். ஜி. கிட்டப்பா பிறந்த ஊர் அது.

பெயரின் முதல் எழுத்துக்களே அவர் கதையைச் சொல்லும். 'எஸ்' என்றால் செங்கோட்டை. 'ஜி' என்றால் தகப்பனார் கங்காதர ஐயர். தாயார் மீனாட்சி அம்மாள். 1906-ம் ஆண்டு ஆகஸ்டு 25-ந் தேதி பிறந்த பிள்ளைக்கு ராமகிருஷ்ணன் என்று பெயர் வைத்தார்கள். செல்லப் பெயர் கிட்டப்பா. அதுவே நிலைத்துவிட்டது. அப்போது செங்கோட்டை திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. 1956-ல்தான் தமிழகத்தோடு சேர்ந்தது. இன்று அது தென்காசி மாவட்டத்தைச் சேர்ந்த ஊர்.

பெரிய குடும்பம். கையில் காசு இல்லை. பையன்களை நாடகக் கம்பெனியில் விட்டால் சாப்பாடாவது கிடைக்கும் என்று நினைத்த காலம் அது. கிட்டப்பாவும் அண்ணன்மாரோடு பால்மணம் மாறாத வயதிலேயே மேடை ஏறினார். சங்கரதாஸ் சுவாமிகளின் நாடக சபையில் பயிற்சி பெற்றார். ஒரு வித்துவான் வீட்டில் வருஷக்கணக்காகக் காத்திருந்து சங்கீதம் கற்றவர் அல்லர். காதால் கேட்டார்; கேட்டதைக் குரலில் பிடித்தார். இந்தக் கேள்வி ஞானம்தான் அவருடைய ஆஸ்தி.

பிறகு கன்னையா கம்பெனி. காட்சி ஜோடனைக்குப் பேர் போன கம்பெனி அது. அதன் 'தசாவதாரம்' நாடகத்தைப் பார்க்க வந்தவர்கள் திரைகளையும் வேஷங்களையும் கண்டு வாய் பிளந்தார்கள். கிட்டப்பா பாடத் தொடங்கியதும் திரைகளை மறந்தார்கள்.

ஒலிபெருக்கி இல்லாத மேடை

அந்த நாளில் நாடகக் கொட்டகையில் ஒலிபெருக்கி கிடையாது. மேடையில் பாடுவது கடைசி வரிசையில் தரையில் உட்கார்ந்திருப்பவருக்கும் கேட்க வேண்டும். கேட்காவிட்டால் சீட்டியும் கூச்சலும் கிளம்பும். ஆகவே நடிகர்கள் உச்ச சுருதியில் பாடினார்கள். பலருக்கு அது தொண்டையைக் கிழிக்கும் வேலை. கிட்டப்பாவுக்கோ மேலே போகப் போகக் குரல் இனித்தது. அண்ணன் காசி ஐயர் ஆர்மோனியம் வாசிக்க, தம்பி தாரஸ்தாயியில் நின்று பிருகாக்களை உதிர்ப்பார். கதை அங்கேயே நின்றுவிடும். கதை நகரவில்லையே என்று எவரும் கவலைப்பட்டதில்லை.

1926-ல் இலங்கைக்குப் போனார். கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள் அங்கே நாடகம் நடத்திப் பெயர் வாங்கியிருந்தார். இருவரும் ஒரே மேடையில் தோன்றினார்கள். வேலனும் வள்ளியும் பாட்டிலேயே வாதாடும் 'வள்ளி திருமணம்' இந்த ஜோடிக்கென்றே பிறந்தது போல் இருந்தது. ஒருவர் ஒரு சங்கதி போட்டால் மற்றவர் இன்னொன்று போடுவார். விடிய விடிய நடக்கும். இருவரும் கதர் உடுத்தி, தேசியப் பாட்டுகளும் பாடினார்கள்.

மேடை உறவு வாழ்க்கை உறவாயிற்று. 1927-ல் மணந்துகொண்டார்கள். கிட்டப்பாவுக்கு 1924-லேயே கிட்டம்மாள் என்ற பெண்ணோடு திருமணம் ஆகியிருந்தது. சிக்கல் இல்லாமல் எப்படி இருக்கும்? மனஸ்தாபம் வந்தது, பிரிவும் வந்தது. சுந்தராம்பாள் உருகி உருகிக் கடிதம் எழுதினார். அந்தக் கடிதங்கள் பிற்காலத்தில் அச்சேறின. இதற்கிடையே குடிப்பழக்கம் கிட்டப்பாவின் உடலை அரித்தது. கந்தர்வன் என்று கொண்டாடிய ஊர் அவரைக் கொஞ்சம் ஓய்வெடுக்க விட்டிருக்கலாம். விடவில்லை.

1933 அக்டோபரில் திருவாரூர் மேடையில் மயங்கி விழுந்தார். டிசம்பர் 2-ந் தேதி காலமானார். வயது 27.

மூன்று நிமிஷம்

தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' 1931-ல் வந்துவிட்டது. 'வள்ளி திருமணம்' கூட 1933-ல் படமாயிற்று. வேறு நடிகர்கள் நடித்தார்கள். கிட்டப்பா எந்தப் படத்திலும் நடிக்கவில்லை. அவர் மேடையில் எப்படி நின்றார், எப்படித் திரும்பினார் என்பதைக் காட்ட ஓர் அடி பிலிம் கிடையாது.

மிஞ்சியவை கிராமபோன் தட்டுகள்தாம். அரக்கு சேர்ந்த கறுப்புத் தட்டு, கைதவறினால் உடைந்துபோகும். நிமிஷத்துக்கு 78 சுற்று. ஒரு பக்கத்துக்குச் சுமார் மூன்று நிமிஷம்தான். இரவு முழுதும் பாடிய மனிதர் அந்த மூன்று நிமிஷத்துக்குள் விருத்தமும் பாட்டும் பிருகாவும் அடக்க வேண்டும். மேடையில் அரை மணி நேரம் வளர்த்ததை ஓர் உருண்டையாகத் திரட்டித் தந்தார் கிட்டப்பா. அதனால்தானோ என்னவோ, அந்தத் தட்டுகளில் ஒரு விநாடி கூட வெறுமையாகப் போகவில்லை.

தியாகராஜரின் 'எவரனி' கீர்த்தனையை அவர் பாடிய தட்டு, நாடகப் பாட்டு என்றால் முகம் சுளித்த சங்கீத ரசிகர்களையும் தலையாட்ட வைத்தது. சத்தியபாமாவின் கதவுக்கு வெளியே நின்று கண்ணன் கெஞ்சும் பாட்டு பட்டிதொட்டியெல்லாம் பரவிற்று. வள்ளலார் பாடலை விருத்தமாக அவர் பாடியதைக் கேட்டால், அந்தக் குரல் எவ்வளவு தூரம் எட்டியிருக்கும் என்று இன்றும் தெரியும்.

பெட்டிக்குச் சாவி கொடுத்து, ஊசி மாற்றிக் கேட்ட காலம் அது. முறுக்குத் தளர்ந்தால் பாட்டு இழுபடும், குரல் இறங்கும். உடனே யாராவது எழுந்து ஓடிச் சாவி கொடுப்பார்கள். கிட்டப்பாவின் குரல் இறங்குவதைக் கேட்க யாருக்குத்தான் மனசு வரும்?

25 வயதில் வெள்ளைச் சேலை உடுத்திய சுந்தராம்பாள், ஆண் நடிகரோடு ஜோடி சேர்ந்து நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். 1935-ல் வந்த 'நந்தனார்' படத்துக்கு அவருக்கு ஒரு லட்ச ரூபாய் கொடுத்தார்கள். அதில் அவர் ஏற்றது நந்தனார் வேஷம்; ஆண் வேஷம். 1953-ல் ஔவையார் ஆனார். 1980-ல் இறக்கும் வரை அந்த வெள்ளைச் சேலையை மாற்றவில்லை.

கிட்டப்பாவின் பழைய தட்டுகளிலிருந்து எடுத்த பிரதிகளை இன்று கைபேசியிலும் கேட்கலாம். கீறல் சத்தம் முதலில் வரும். அதற்கு மேலே ஆர்மோனியம். அதற்கும் மேலே அந்தக் குரல்.