எரிக்கப்பட்ட ஸ்டூடியோவின் சொந்தக்காரர்: 'சினிமாஸ்' குணரத்தினம்

சிங்கள சினிமாவின் வரலாற்றைத் தமிழர்களின் பெயர்களைத் தவிர்த்துவிட்டு எழுத முடியாது. 1947இல் வெளியான முதலாவது சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொரொந்துவ'வைத் தயாரித்தவர் எஸ்.எம்.நாயகம் என்ற தமிழர். அவருக்குப் பின் அத்துறையில் பெரிதாக வளர்ந்த இன்னொரு தமிழர் கே.குணரத்தினம்.

குணரத்தினத்தின் 'சினிமாஸ் லிமிட்டெட்' இந்தியப் படங்களை இறக்குமதி செய்து நாடெங்கும் விநியோகித்தது. இத்தகைய மூன்று பெரிய நிறுவனங்களின் கையிலேயே அன்றைய திரைப்பட வியாபாரம் இருந்தது.

1953இல் அவர் தயாரித்த 'சுஜாதா', 'படி பெஹன்' என்ற ஹிந்திப் படத்தின் தழுவல். சிங்கள ரசிகர்களிடையே அது பெரும் வெற்றி பெற்றது. அக்காலச் சிங்களப் படங்கள் பெரும்பாலும் தென்னிந்திய ஸ்டூடியோக்களிலேயே உருவாகின. அந்த நிலை மாறும் காலத்தில், கொழும்புக்கு வடக்கே ஹெந்தளையில் 'விஜயா' ஸ்டூடியோவை அவர் நடத்தினார்.

லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ' 1956இல் வெளியாகிப் பாராட்டைப் பெற்றது, வசூலில் தோற்றது. அப்படிப்பட்ட இயக்குநரை நம்பிப் பணம் போடத் துணிந்தவர் குணரத்தினம். போர்த்துக்கேயர் காலக் கதையான 'சந்தேசய' 1960இல் வெளியாகி வெற்றி கண்டது.

1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் உருவானது. இறக்குமதியும் விநியோகமும் படிப்படியாகத் தனியாரின் கையைவிட்டுப் போயின. குணரத்தினத்துக்கு வேறு தொழிற்சாலைகளும் இருந்தன.

1983 ஜூலையில் அந்தத் தொழிற்சாலைகளும் விஜயா ஸ்டூடியோவும் எரிக்கப்பட்டன. அங்கிருந்த பல சிங்களப் படங்களின் மூலப் படச்சுருள்களும் சாம்பலாகின. தமிழனின் சொத்து என்று கொளுத்தியவர்கள் தங்களுடைய மொழியின் சினிமாவையும் சேர்த்தே கொளுத்தினார்கள்.

அதன் பின்னும் அவர் தெற்கிலேயே இருந்தார். ஜே.வி.பி. கிளர்ச்சி உச்சத்திலிருந்த 1989 ஓகஸ்டில் சுட்டுக்கொல்லப்பட்டார்.

படச்சுருள் எரிந்தால் என்ன போகும் என்பதை வன்னியில் யாருக்கும் விளக்கத் தேவையில்லை. 2009இல் கலியாண அல்பங்களையும் வீடியோ கசெற்றுகளையும் பதுங்குகுழிகளில் விட்டுவிட்டு ஓடியவர்கள் நாங்கள். பிள்ளையின் ஒரு படம்கூட மிஞ்சாத வீடுகள் கிளிநொச்சியிலும் முல்லைத்தீவிலும் உண்டு. மிஞ்சியவற்றை இன்றைக்கே பிரதி எடுத்து, இரண்டு இடங்களில் வைப்போம். ஒரே இடத்தில் இருந்ததனால்தான் ஹெந்தளையில் இருந்தவை ஒரே நாளில் இல்லாமல் போயின.