கத்தரிக்கோல் பிடித்த கை: ஏ. பீம்சிங்

சினிமாவில் நடிகரை ஜனங்கள் அறிவர், பாடினவரையும் அறிவர். பிலிமை வெட்டி ஒட்டிக் கோவையாக்கித் தந்தவர் பெயரைக் கேட்பார் இலர். கோம்பையிலும் கம்பத்திலும் ‘பாசமலர்’ பார்த்துக் கண்ணீர் உகுத்த நம் ஜில்லாவாசிகளில், அக்கண்ணீர் எந்த நொடியில் வரவேண்டுமென்பதை மேஜை முன் அமர்ந்து நிர்ணயித்த ஒருவர் உண்டென்று எத்தனை பேர் எண்ணியிருப்பர்?

1924-இல் பிறந்த பீம்சிங், 1940-களின் பிற்பகுதியில் கிருஷ்ணன்–பஞ்சு இரட்டையரிடம் உதவித் தொகுப்பாளராய்ச் சேர்ந்தார். பஞ்சுவே தேர்ந்த தொகுப்பாளர். கிருஷ்ணனின் சகோதரியைப் பின்னர் பீம்சிங் மணந்துகொண்டார், குருகுலமே குடும்பமுமாயிற்று.

அவ்வேலை இன்னதென்று வாசகர்கள் அறிவது நலம். வினாடிக்கு 24 சித்திரங்கள் ஓடும். ஓரடி பிலிமில் 16 சித்திரங்கள் உண்டு. ஆயிரம் அடிச் சுருள் பதினோரு நிமிஷத்தில் தீர்ந்துவிடும். துயருற்ற முகத்தை இரண்டடி கூடுதலாக நிறுத்தினால், அது ஒன்றேகால் வினாடிக்குச் சற்று மேல். அவ்வளவில் சோகம் சலிப்பாய் மாறிவிடக் கூடும். இரண்டடி குறைத்தாலோ சோகம் பிறக்கவே பிறவாது. ஒலி வேறு பிலிமில் இருக்கும். உதட்டோடு அதைப் பொருத்தவேண்டும். இப்பொறுமையைப் பயின்ற பிறகே அவர் டைரக்டரானார்.

1954-இல் ‘அம்மையப்பன்’, 1958-இல் ‘பதிபக்தி’. பின்னர் ‘பா’ என்னும் எழுத்தில் தொடங்கும் படங்கள் வரிசையாய் வந்தன. 1961 ஒரே ஆண்டில் ‘பாவமன்னிப்பு’, ‘பாசமலர்’, ‘பாலும் பழமும்’ மூன்றும் வெளிவந்தன. டைரக்டரான பின்னும் கத்தரியை அவர் கைவிட்டாரில்லை. ‘பாசமலர்’ தொகுப்பில் பால் துரைசிங்கம், திருமலை ஆகியோருடன் அவர் பெயரும் காணப்படுகிறது. அவர் படங்கள் நீளமானவை, அழுகை மிகுந்தவை என்பது படித்தவர்களின் புகார். அது முற்றும் பொய்யன்று. ஆயினும் கூட்டுக் குடும்பம் பிளவுறும் வேதனையை ஏழை எளியவர் தம் வீட்டுச் சங்கதியாகவே கண்டனர். அதை அற்பமென்று ஒதுக்க நமக்கு மனமில்லை.

ஹிந்தி சினிமாவும் அவரை அழைத்துக்கொண்டது. 1962-இல் ‘களத்தூர் கண்ணம்மா’ ‘மைன் சுப் ரஹூங்கி’ ஆயிற்று. ‘பாசமலர்’ ‘ராக்கி’ ஆயிற்று. ‘பாகப்பிரிவினை’ 1965-இல் ‘கான்தான்’ என்று வந்து சுனில் தத்துக்கு பிலிம்பேர் விருதை ஈட்டித் தந்தது. அவ்வாண்டிலேதான் ஹிந்தித் திணிப்பை எதிர்த்துத் தமிழ்நாடு கொந்தளித்தது! மொழியின் பெயரால் டில்லியும் சென்னையும் மாறுபட்டு நின்ற வேளையில், இங்கே பாகம் பிரிந்த அண்ணன் தம்பியரின் கதை அங்கே ஹிந்தி பேசிற்று. இதை அரசியல் வாதிகள் கவனித்ததாகத் தெரியவில்லை. திலீப் குமாரை வைத்து ‘ஆத்மி’ 1968-இலும் ‘கோபி’ 1970-இலும் எடுத்தார்.

முதுமை எட்டுமுன்பே வழி மாறியது வியப்புக்குரியது. ஜெயகாந்தனின் ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ நாவலை ஆடம்பரமின்றி அவர் படமாக்கினார். அதில் நடித்த லட்சுமிக்குத் தேசிய விருது கிட்டியது. 1978 ஜனவரி 16-இல் பீம்சிங் காலமானார். புதல்வர் பி. லெனின் தந்தையின் கத்தரியையே எடுத்துக்கொண்டார்; மற்றொரு புதல்வர் கண்ணன் காமிராவை எடுத்துக்கொண்டார்.