நாகூர் மனோரா கட்டிய மராட்டிய மன்னர்

தஞ்சையில் மராட்டிய அரசு அமைத்தவர் ஏகோஜி. சிவாஜியின் தம்பி. ஏகோஜியின் பேரன் பிரதாபசிங் 1739-ல் பட்டத்துக்கு வந்தார். நாலு பக்கமும் பகை!

1758-ல் பிரெஞ்சுத் தளபதி லாலி படையோடு வந்தான். பழைய கடன் பத்திரத்தைக் காட்டி 56 லட்சம் ரூபாய் கேட்டான். வழியில் நாகூரைப் பிடித்தான். வணிகர்கள் முன்னதாகவே பொருளை அகற்றிவிட்டார்கள். பாவம், லாலி ஏமாந்தான்! கீழ்வேளூரில் அந்தணர்களை ஒற்றர் என்று சொல்லிக் கொன்றான். தஞ்சைக் கோட்டையை முற்றுகையிட்டான். மன்னர் பணியவில்லை. காரைக்கால் கடலில் ஆங்கிலக் கப்பல்கள் வந்த செய்தி கேட்டு லாலி பின்வாங்கினான்.

நாகூர் தர்காவில் 131 அடி உயரப் பெரிய மனோராவைக் கட்டியவரும் இவரே. பிள்ளை வேண்டி நேர்ந்துகொண்டார், துளஜா பிறந்தார் என்பது ஊர் வழக்கு.

1763-ல் பிரதாபசிங் காலமானார். துளஜா அரியணை ஏறினார்.