ஓமந்தூரார்: கோயில் கதவைத் திறந்த விவசாயி

சென்னைக்குப் போய் வந்தவர்கள் ஓமந்தூரார் அரசு மருத்துவமனை என்ற பெயர்ப் பலகையைப் பார்த்திருப்பீர்கள். யார் அந்த ஓமந்தூரார் என்று கேட்டால் நம் இளைஞர்களில் பலருக்குத் தெரியாது. ஆனா, ஜெஞ்சாரோம், பந்திங் வட்டாரத்துத் தோட்டங்களில் பால் மரம் வெட்டிய நம் பாட்டன் பூட்டன்களுக்கும் இவர் செய்த காரியத்துக்கும் நெருங்கிய தொடர்பு உண்டு.

ஓமந்தூர் என்பது திண்டிவனம் அருகில் உள்ள ஒரு கிராமம். அன்றைக்கு அது தென்னாற்காடு மாவட்டம். 1895 பிப்ரவரி 1-ஆம் தேதி, அந்த ஊரில் நிலபுலன் உள்ள ஒரு விவசாயக் குடும்பத்தில் பிறந்தார் ராமசாமி ரெட்டியார். திண்டிவனத்தில் பள்ளிப் படிப்பு. அதன் பிறகு ஊரில் பெரிய மனிதராக, பண்ணையைப் பார்த்துக்கொண்டு சுகமாக வாழ்ந்திருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள்.

காந்தியின் அழைப்பு அவரை வெளியே இழுத்தது. கதர் உடுத்தினார், காங்கிரசில் சேர்ந்தார், விடுதலைப் போராட்டத்தில் இறங்கினார். கிராமத்து விவசாயியின் எளிமை அவரிடமிருந்து கடைசி வரைக்கும் போகவே இல்லை. பதவியைத் தேடிப் போகும் ஆளும் இல்லை. திருவண்ணாமலை ரமண மகரிஷியிடம் பக்தி கொண்டவர். அப்படிப்பட்டவரைத்தான் 1947 மார்ச் 23-ஆம் தேதி சென்னை மாகாணத்தின் முதல்வர் நாற்காலியில் உட்கார வைத்தார்கள். நாடு சுதந்திரம் அடைந்த நாளில் மாகாண ஆட்சி அவர் கையில் இருந்தது.

இரண்டே வருஷம். அதற்குள் என்னென்ன செய்தார், பாருங்க.

முதலில் கோயில். மதுரை மீனாட்சி அம்மன் கோயிலுக்குள் தாழ்த்தப்பட்ட மக்கள் 1939-இல் நுழைந்த வரலாறு நமக்குத் தெரியும். அன்றைய சட்டம், கோயில் பொறுப்பாளர்கள் முன்வந்தால் கதவைத் திறக்க வழி செய்தது. அதாவது, அவர்கள் மனசு வைக்க வேண்டும். ஓமந்தூரார் ஆட்சியில் 1947-இல் வந்த ஆலயப் பிரவேசச் சட்டம் அதை மாற்றியது. எந்தச் சாதி இந்துவாக இருந்தாலும் கோயிலுக்குள் போய் வழிபடுவது அவர் உரிமை, தடுப்பவர் குற்றவாளி என்று ஆனது. அதே ஆண்டில் பெண்களைக் கோயிலுக்குப் பொட்டுக்கட்டி விடும் வழக்கமும் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி பல வருஷம் போராடியதன் பலன் அது.

அடுத்தது நிலம். 1802 முதல் நிரந்தர வரி ஏற்பாட்டின்படி ஜமீன்தார்கள் குடிகளிடம் வரி வசூலித்து, அதில் ஒரு பகுதியை அரசாங்கத்துக்குக் கட்டி வந்தார்கள். 1948-இல் ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்தது. இடையில் இருந்த ஜமீன்தார் போனார். உழவர் நேரடியாக அரசாங்கத்துக்கு வரி கட்டும் நிலை வந்தது. நிலமே இல்லாத கூலிக்காரருக்கு இந்தச் சட்டம் நிலம் கொடுக்கவில்லை என்பதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனாலும் நிலவுடைமைக் குடும்பத்தில் பிறந்த ஒருவர், பெரிய நிலப்பிரபுக்களின் அதிகாரத்தில் கை வைத்தது சின்ன விஷயம் இல்லை.

1948 அக்டோபர் 2, காந்தி பிறந்த நாளில், மதுவிலக்கு மாகாணம் முழுக்க நடைமுறைக்கு வந்தது. 1949-இல் பாரதியார் படைப்புகளின் உரிமையை அவர் அரசாங்கம் வாங்கிப் பொதுவாக்க முடிவு செய்தது.

சிபாரிசுக்கு இடம் கொடுக்காத மனிதர் என்று பெயர் எடுத்தார். சொந்தக் கட்சிக்காரர்களுக்கே அது பிடிக்கவில்லை. கட்சிக்குள் எதிர்ப்பு வளர்ந்தது. 1949 ஏப்ரலில் பதவியை விட்டு இறங்கினார். குமாரசாமி ராஜா முதல்வரானார்.

இறங்கியவர் எங்கே போனார்? வள்ளலாரின் வடலூருக்கு. ஏழைப் பிள்ளைகளின் படிப்புக்காக அங்கே குருகுலப் பள்ளி அமைத்து, சன்மார்க்கப் பணியில் வாழ்ந்தார். 1970 ஆகஸ்ட் 25-ஆம் தேதி காலமானார்.

இப்போது நம் கதைக்கு வருவோம். தென்னாற்காடு, வடஆற்காடு, சேலம், திருச்சி, தஞ்சாவூர்ப் பக்கமிருந்துதான் கங்காணியின் பின்னால் ஏராளமானோர் மலாயாவுக்குக் கப்பல் ஏறினார்கள். அவர்களில் பலர் சொந்த ஊரில் கோயில் வாசலுக்கு வெளியே நின்று கும்பிட்டவர்கள். இங்கே தோட்டத்தில் லயத்துப் பக்கம் ஒரு மாரியம்மனை வைத்துத் தாங்களே கோயில் கட்டிக்கொண்டார்கள். அவர்கள் விட்டு வந்த ஊர்களில் அந்த வாசலைச் சட்டப்படி திறந்தது, அதே மண்ணில் பிறந்த இந்த விவசாயியின் ஆட்சி.

இன்றைக்கு நம் ஆலயங்களில் கதவு எல்லோருக்கும் திறந்துதான் இருக்கிறது. ஆனா நிர்வாகத்தில், திருவிழா உபயத்தில், யார் எந்தச் சாதி என்று இன்னும் காதோடு காதாகக் கேட்கிற பழக்கம் முழுசா போய்விட்டதா? ஒரு தலைவர் பதவிக்காக வழக்குமன்றம் வரை போகிறவர்கள் நம்மிடையே இல்லையா?

இளைஞர்களே, அடுத்த ஆலயப் பொதுக்கூட்டத்தில் நீங்கள் பொறுப்புக்கு வந்தால் ஓமந்தூராரை நினைத்துக்கொள்ளுங்கள். கிடைத்த இரண்டு வருஷத்தில் வேலையைச் செய்தார். முடிந்ததும் வடலூருக்குப் போய் அங்கேயும் வேலையைத் தொடர்ந்தார்.