மீர் சுல்தான் கான்

சதுரங்கம் இந்திய மண்ணில் தோன்றிய விளையாட்டு. ஆயினும், இருபதாம் நூற்றாண்டின் பன்னாட்டுப் போட்டிகள் ஐரோப்பியர் வகுத்த விதிகளின்படியே நடைபெற்றன. அவ்விதிகளை இளைஞரான பின்னரே கற்று, உலகின் முன்னணி வீரர்களை வென்றவர் மீர் சுல்தான் கான்.

பிரிக்கப்படாத பஞ்சாபின் மிட்டா திவானா என்னும் ஊரில் 1903ஆம் ஆண்டளவில் பிறந்த இவர், ஒன்பதாம் வயதில் தந்தையிடம் சதுரங்கம் பயின்றார். அவர் பயின்றது இந்திய முறை. அம்முறையில் காலாள் முதல் நகர்விலும் ஒரு கட்டமே செல்லும். ஐரோப்பிய முறையில் உள்ளவாறு அரசனுக்குக் கோட்டை கட்டிக்கொள்ளும் வசதி இல்லை. இவற்றால் ஆட்டம் மெல்ல விரியும். தொடக்கத்தில் விரைவைவிடப் பொறுமையே பெரிதும் வேண்டப்படும். இப்பயிற்சி சுல்தான் கானின் ஆட்டத்தில் இறுதிவரை நிலைத்திருந்தது.

பெருநிலக்கிழாரான சர் உமர் ஹயாத் கான் அவரது திறனை அறிந்து ஆதரித்தார். 1928ஆம் ஆண்டில் அனைத்திந்தியப் போட்டியில் வென்ற சுல்தான் கான், மறு ஆண்டே அவருடன் இங்கிலாந்து சென்றார். ராம்ஸ்கேட் நகரில் நடைபெற்ற பிரிட்டிஷ் சாம்பியன் போட்டியில் முதல் முயற்சியிலேயே பட்டம் வென்றார். ஆள்வோரின் நாட்டில் ஆளப்பட்ட நாட்டினர் ஒருவர் பெற்ற இவ்வெற்றி அனைவரையும் வியப்பில் ஆழ்த்தியது. 1932, 1933ஆம் ஆண்டுகளிலும் அப்பட்டம் அவருக்கே உரியதாயிற்று.

ஐரோப்பிய வீரர்கள் தொடக்க நகர்வுகளை நூல்களின் வழியே கற்றுத் தேர்ந்திருந்தனர். சுல்தான் கானுக்கு அந்நூல்களின் துணை இல்லை. எனவே, தொடக்கத்தில் பின்தங்கி, இடையாட்டத்தில் தடுத்து நின்று, இறுதியாட்டத்தில் எதிரியை வீழ்த்துவது அவர் வழக்கமாயிற்று. 1930ஆம் ஆண்டின் இறுதியில் தொடங்கிய ஹேஸ்டிங்ஸ் போட்டியில், முன்னாள் உலக சாம்பியன் காபபிளாங்காவை 65 நகர்வுகளில் வென்றார். அதுவே அவர் வெற்றிகளுள் தலையாயது. 1931ஆம் ஆண்டில் பிராகாவில் நடைபெற்ற ஒலிம்பியாடில் இங்கிலாந்து அணியின் முதற்பலகையில் அமர்ந்து, புளோர், ரூபின்ஸ்டைன் ஆகியோரை வென்றார். அன்றைய உலக சாம்பியன் அலெகைனுடன் சமன் செய்தார். ஆங்கிலேய நாட்டின் குளிர் அவருக்கு ஒவ்வவில்லை. காய்ச்சலும் தொண்டை நோயும் அடிக்கடி வாட்டின. அவற்றிடையேதான் இவ்வெற்றிகளை ஈட்டினார்.

போட்டி மேடையில் மதிக்கப்பட்ட அவரது நிலை, மேடைக்கு வெளியே வேறாக இருந்தது. சர் உமரின் இல்ல விருந்தில் அவரே உணவு பரிமாறியதைக் கண்டு திகைத்ததாக அமெரிக்க வீரர் ரூபன் ஃபைன் எழுதியுள்ளார். எனினும், அவர் பணியாளர் என்பதையும் எழுத்தறியாதவர் என்பதையும் அவர்தம் குடும்பத்தார் மறுக்கின்றனர். மேலைநாட்டார் விரும்பிச் சொன்ன கதையில் மிகையும் கலந்திருக்கலாம்.

1933ஆம் ஆண்டின் இறுதியில் சர் உமருடன் தாயகம் திரும்பினார். ஐரோப்பியப் போட்டிகளில் அவர் மீண்டும் ஆடவில்லை. நாடு பிரிந்தபின் பாகிஸ்தானில் வேளாண்மை செய்து வாழ்ந்தார். தம் மக்களுக்குச் சதுரங்கம் கற்பிக்க மறுத்து, பயனுள்ள வேறு பணியை மேற்கொள்ளுமாறு கூறினார் என்பர். பன்னாட்டுச் சதுரங்கக் கூட்டமைப்பு 1950ஆம் ஆண்டில் கிராண்ட்மாஸ்டர் பட்டங்களை வழங்கத் தொடங்கியபோது, ஆட்டத்திலிருந்து ஓய்வுபெற்றிருந்த மூத்த வீரர் சிலரையும் சிறப்பித்தது. அவர்களுள் சுல்தான் கான் பெயர் இல்லை. 1966ஆம் ஆண்டு சர்கோதாவில் அவர் மறைந்தார். மதிப்புறு கிராண்ட்மாஸ்டர் பட்டம் 2024ஆம் ஆண்டில்தான் அவருக்கு வழங்கப்பட்டது.