வக்கம் அப்துல் காதர்

1942ஆம் ஆண்டு ஏப்ரல் 9ஆந் திகதி, ஹேர்மிஸ் என்னும் பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பலை யப்பானிய விமானங்கள் நமது மட்டக்களப்புக் கரைக்கு அப்பால் மூழ்கடித்தன. முந்நூறுக்கு மேற்பட்டோர் மாண்டனர். இதனை நம் முதியோர் சொல்லக் கேட்டிருக்கிறோம். அதே ஆண்டில், குமரிமுனைக்கு அப்பால் மலையாளக் கரையில் சத்தமின்றி நடந்த ஒரு காரியத்தை நம்மில் அநேகர் கேள்விப்பட்டதில்லை. அதிற் சம்பந்தப்பட்டு உயிரீந்த ஓர் இளைஞரின் சரிதத்தையே இங்கு சொல்லப் புகுந்தோம்.

அப்துல் காதர் 1917ஆம் ஆண்டு மே 25ஆந் திகதி திருவிதாங்கூரைச் சேர்ந்த வக்கம் என்னுங் கிராமத்திற் பிறந்தார். நம்மூரைப் போலவே அதுவும் காயலோரத்து ஊர். வசதி குறைந்த குடும்பம். காற்பந்தாட்டத்திலும் பாட்டிலும் பிரியமுள்ள பையன். மாணவப் பருவத்திலேயே சுதந்திரப் போராட்டத்தில் ஈடுபட்டார். இருபத்தொரு வயதிற் பிழைப்புத் தேடி மலாயாவுக்குக் கப்பலேறி, அங்கு அரசாங்க வேலையொன்றில் அமர்ந்தார்.

1942 பெப்ரவரியிற் சிங்கப்பூர் வீழ்ந்தது. மலாயாவிலிருந்த இந்தியரிற் பலர் இந்திய சுதந்திரச் சங்கத்திற் சேர்ந்தனர், காதரும் சேர்ந்தார். பினாங்கில் என். இராகவன் என்பாரின் பொறுப்பில் சுயராச்சியப் பயிற்சிக் கழகம் ஒன்று அமைந்தது. வானொலிக் கருவியைக் கையாளுதல், உளவறிதல், நாசவேலை முதலியன அங்கே கற்பிக்கப்பட்டன. தாயகத்துள் இரகசியமாகப் புகுந்து, ஆங்கிலேயரின் படைநிலைகளை அறிந்து செய்தி அனுப்புவதும், அவர்தம் போர் முயற்சியைக் குலைப்பதுமே நோக்கம்.

செப்டெம்பர் 18ஆந் திகதி இரவு காதரும் தோழர்களும் யப்பானிய நீர்மூழ்கிக் கப்பலிற் பினாங்கை விட்டுப் புறப்பட்டனர். 27ஆந் திகதி மலபாரிலுள்ள தானூர்க் கரைக்கு அப்பால் அவர்கள் இறக்கிவிடப்பட்டனர். றப்பர் மிதவையில் அலையோடு போராடிக் கரை சேர்ந்தவர்களை ஊரார் சந்தேகித்தனர். பொலிசார் கைது செய்தனர். ஒரு செய்திதானும் அனுப்பவில்லை. ஒரு பாலமும் தகர்க்கப்படவில்லை. வேறு வழிகளில் அனுப்பப்பட்டோரும் அகப்பட்டனர்.

யப்பானியர் இப்பிள்ளைகளை இராகவனுக்கு அறிவியாமலே அனுப்பிவிட்டனர். அவர் கண்டித்துக் கழகத்தை மூடினார். அதன் பொருட்டு வீட்டுக்காவலில் வைக்கப்பட்டார். இங்கு ஒன்று சொல்லாமலிருக்க முடியவில்லை. காதரைத் தூக்கிலிட்டவர் ஆங்கிலேயரே; ஆயினும், பயிற்சி முற்றுப் பெறுமுன் அவரைக் கடலில் இறக்கிவிட்டவரைக் குற்றமற்றவரென நாம் எண்ணவில்லை. இளைஞரின் தியாக சிந்தையைப் பிறர் மலிவாகச் செலவழிப்பது அன்று மட்டும் நடந்ததன்று. இந்நாட்டிற் பிறந்த நமக்கு அதை விரித்துரைக்க வேண்டியதில்லை.

சென்னையில் விசாரணை நடந்தது. 1943 ஏப்ரலில் ஐவருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. அவர்களுள் பொனிபேஸ் பெரைரா என்னுங் கிறிஸ்தவருக்குப் பின்னர் தண்டனை குறைக்கப்பட்டது. எஞ்சிய நால்வர் காதர், அனந்தன், வங்காளத்துச் சத்தியேந்திர பர்தன், பஞ்சாப்பின் பௌஜா சிங் ஆகியோர். இவர்கள் சிறையிலிருந்த ஜூலை மாதத்திலேதான் நேதாஜி சிங்கப்பூரில் இயக்கத்தின் தலைமையை ஏற்றார். அவர் படையணிவகுப்பைக் காணும் பாக்கியம் காதருக்குக் கிட்டவில்லை.

அது றமழான் மாதம். கடைசி இரவிற் காதர் தந்தையாருக்கும் பொனிபேசுக்கும் கடிதம் எழுதினார். தம் மரணத்துக்காகக் குடும்பத்தார் கலங்கலாகாது என்பதே தந்தைக்கு அவர் கூறிய ஆறுதல். ஓர் இந்து சகோதரனோடு சேர்த்தே தம்மைத் தூக்கிலிட வேண்டும் என்பது அவரது இறுதி விருப்பம் என்றும், அவ்வாறே அனந்தனும் அவரும் ஒருங்கே தூக்குமேடை ஏறினர் என்றும் அவர் வரலாற்றை எழுதியோர் கூறுகின்றனர்.

இந்து இளைஞர் மலரில் இவர் சரிதம் எதற்கு என்று கேட்போர் இருக்கலாம். பிட்டும் தேங்காய்ப்பூவும் போல் வாழ்ந்தோம் என்று மேடைதோறும் பேசுகிறோம். 1990க்குப் பின் அவ்வுவமையைச் சற்றுக் கூச்சத்துடனேயே எடுக்கவேண்டியிருக்கிறது. காத்தான்குடியிலும் ஏறாவூரிலும் நம் வயதையொத்த இளைஞர் இருக்கின்றனர். இம்மலரின் பிரதி ஒன்று அவர்தம் வாசிகசாலைகளுக்கும் போய்ச் சேரவேண்டும் என்பது நமது விண்ணப்பம்.

1943 செப்டெம்பர் 10ஆந் திகதி சென்னைச் சிறையில் நால்வரும் தூக்கிலிடப்பட்டனர். காதருக்கு வயது இருபத்தாறு. நாற்பத்தொரு நாள் கழித்துச் சிங்கப்பூரில் சுதந்திர இந்தியத் தற்காலிக அரசாங்கம் பிரகடனஞ் செய்யப்பட்டது. 1998இல் இந்திய அரசாங்கம் இந்நால்வரையும் சேர்த்து நினைவு முத்திரை வெளியிட்டது.